முதலாண்டிலேயே மாணவர் சங்கத் தேர்தலில் நிற்கலாமா?

கேள்வி: தேனியிலிருந்து வந்து ஹைதராபாத் மத்தியப் பல்கலைக்கழகத்தில் எம்.ஏ. முதலாண்டு படிக்கிறேன். மாணவர் அரசியலில் ஆர்வம் உண்டு. மூன்று அமைப்புகளின் சீனியர்கள் ஹாஸ்டல் அறைக்கே வந்து கூப்பிடுகிறார்கள். எதில் சேர்வது? இந்த வருடமே தேர்தலில் நிற்கலாமா? கேஸ் விழுந்தால் அரசு வேலை கிடைக்காது என்று அப்பா பயப்படுகிறார்.

பதில்: தாராளமாக இறங்குங்கள். ஆனால் உறுப்பினர் படிவத்தில் உடனே கையெழுத்துப் போட வேண்டாம். எஸ்.எஃப்.ஐ., ஏ.பி.வி.பி., என்.எஸ்.யூ.ஐ., அம்பேத்கர் மாணவர் சங்கம் என எல்லோர் கூட்டத்துக்கும் ஒரு செமஸ்டர் போய் உட்காருங்கள். மேடைப் பேச்சை வைத்து மட்டும் முடிவு செய்யாதீர்கள். ஸ்காலர்ஷிப் வராத ஒரு மாணவி வந்து நின்றால், அவளோடு நிர்வாக அலுவலகம் வரை போய், மனு எழுதிக் கொடுத்து, அடுத்த வாரமும் விசாரிப்பவர் யார் என்று பாருங்கள். கூட்டத்தில் ஜூனியர்களும் பெண்களும் பேசுகிறார்களா, போஸ்டர் ஒட்ட மட்டும்தான் அழைக்கப்படுகிறார்களா என்பதையும் கவனியுங்கள். எனக்கு இதுதான் முதல் அளவுகோல், கொள்கை அறிக்கை அப்புறம்தான்.

இந்த வருடம் தலைவர், செயலாளர் பதவிகளுக்கு நிற்காதீர்கள். மாணவர் சங்கத் தேர்தல்களுக்காக 2006-ல் உச்ச நீதிமன்றம் ஏற்ற லிங்டோ குழுப் பரிந்துரைகளின்படி, நிர்வாகி பதவிக்கு ஒருவர் ஒரே ஒரு முறைதான் போட்டியிட முடியும். செயற்குழு உறுப்பினர் பதவிக்கு இரண்டு வாய்ப்பு உண்டு. ஆளே தெரியாத முதலாண்டில் அந்த ஒற்றை வாய்ப்பை ஏன் வீணாக்க வேண்டும்? போட்டியிடும் ஆண்டில் அரியர் இருக்கக் கூடாது, வருகைப் பதிவு குறைந்தது 75 சதவீதம் வேண்டும். செலவு 5,000 ரூபாய்க்குள். அச்சடித்த போஸ்டருக்கு அனுமதி இல்லை, கையால் எழுதியதுதான். முடிவு வந்த இரண்டு வாரத்தில் கணக்கு கொடுக்க வேண்டும். அதனால் சார்ட் பேப்பர் வாங்கிய ரசீதைக்கூடத் தூக்கிப் போடாதீர்கள். உங்கள் வளாகத்தின் தேர்தல் அறிவிப்பையும் வரிவரியாகப் படித்துவிடுங்கள்.

அப்பாவின் பயம் நியாயமானது. 2025-ல் உங்கள் வளாகத்தை ஒட்டிய காஞ்ச கச்சிபௌலியின் மரங்கள் நிறைந்த 400 ஏக்கர் நிலத்தைக் காக்கப் போராடிய மாணவர்களைப் போலீஸ் பிடித்துப் போனது, வழக்கும் போட்டது. ஏப்ரல் 3 அன்று உச்ச நீதிமன்றம் மரம் வெட்டுவதை நிறுத்தியது. அதே மாதம் மாணவர்கள் மீதான வழக்குகளைத் திரும்பப் பெற மாநில அரசு உத்தரவிட்டது. அந்தப் போராட்டம் நியாயமானது என்றே நினைக்கிறேன். ஆனால் எல்லா வழக்கும் இப்படிச் சீக்கிரம் முடிவதில்லை.

அரசு வேலைக்கான அட்டெஸ்டேஷன் படிவத்தில் (உங்கள் பின்னணி விவரங்களை நீங்களே எழுதிக் கொடுப்பது) கைது, வழக்கு, பல்கலைக்கழக நீக்கம் எல்லாம் கேட்பார்கள். சாதாரண வழக்கு ஒன்று இருப்பதாலேயே வேலை போய்விடாது. அதை மறைத்தால்தான் பெரிய சிக்கல். அவதார் சிங் வழக்கில் 2016-ல் உச்ச நீதிமன்றம் இதை விரிவாகப் பேசியிருக்கிறது. பல்கலைக்கழகம் உங்கள் மேல் ஒழுங்கு நடவடிக்கை எடுத்தால் லிங்டோ விதிப்படி போட்டியிடவும் முடியாது. அதனால் ஷோகாஸ் நோட்டீஸ் (விளக்கம் கேட்கும் கடிதம்) வந்தால் ஒரு நகலை எடுத்து வைத்துக்கொண்டு, கெடு முடிவதற்குள் எழுத்தில் பதில் கொடுத்து, ஒப்புகைச் சீட்டு வாங்கிவிடுங்கள். அட்டெஸ்டேஷன் படிவத்தை இப்போதே தரவிறக்கி அப்பாவிடமும் காட்டுங்கள்.