‘கட்’ சொல்ல அவசரப்படாதீர்கள்

வாசகர் கேள்வி - பதில்

ஆறு வருடமாக உதவி எடிட்டராக இருக்கிறேன். இயக்குநராக வேண்டுமானால் யாரிடமாவது உதவி இயக்குநராகச் சேர்ந்தே ஆகவேண்டுமா? (வாசகர், மதுரை)

கட்டாயமில்லை. ஏ.பீம்சிங்கும் எஸ்.பி.முத்துராமனும் எடிட்டிங் அறையில் தொடங்கியவர்கள்தான். எடிட்டர் பி.லெனின் 2001-ம் ஆண்டுக்கான சிறந்த இயக்குநர் தேசிய விருதையே வாங்கினார். மலையாளத்தில் மகேஷ் நாராயணன் பல படங்களை எடிட் செய்தபிறகு, 2017-ல் தன் முதல் படத்தை வெளியிட்டார்.

ஆனால் படப்பிடிப்புத் தளம் தெரியாமல் இறங்காதீர்கள். ஒரு படத்துக்காவது, எடுத்த ஷாட்டுகளைத் தளத்திலேயே கோர்த்துப் பார்க்கும் ஸ்பாட் எடிட்டராகப் போங்கள். வெயில் இறங்கும் நேரத்தில் இயக்குநர் எந்த ஷாட்டைக் கைவிடுகிறார், எதை விடாப்பிடியாக எடுக்கிறார் என்பதை அங்கேதான் பார்க்க முடியும்.

12 நிமிடக் குறும்படம் எடுத்தேன். மனதுக்குள் எடிட் செய்துகொண்டே, தேவையானதை மட்டும் எடுத்தேன். இப்போது ஷாட்டுகள் ஒட்டவே மாட்டேன் என்கின்றன! (வாசகி, திருச்சி)

எடிட்டர்கள் இயக்கும் முதல் படத்துக்கென்றே உள்ள வியாதி இது. வசனம் முடிந்த நொடியில் ‘கட்’ சொல்லியிருப்பீர்கள். ஷாட்டுக்குத் தலையும் இல்லை, வாலும் இல்லை. ‘ஆக்‌ஷன்’ சொன்னபின் 3 நொடி, வசனம் முடிந்தபின் 5 நொடி கேமரா ஓடட்டும். நடிகரின் முகத்தில் நல்லது பெரும்பாலும் அந்த 5 நொடியில்தான் வரும்.

இருவர் பேசும் காட்சியில் இருவரையும் சேர்த்துக் காட்டும் மாஸ்டர் ஷாட்டைத் தொடக்கம் முதல் முடிவு வரை ஒரு தடவை எடுத்துவிடுங்கள். பிறகு இரண்டு பக்க சஜஷன் (ஒருவரின் தோளுக்குப் பின்னாலிருந்து மற்றவரைக் காட்டுவது), க்ளோஸப். இவற்றிலும் முழு வசனமும் ஓட வேண்டும், துண்டு துண்டாக அல்ல. எடிட்டிங்கில் ஒரு வரியைத் தூக்கும்போது அந்த வெட்டை மறைப்பது கேட்பவரின் முகம்தான். அதை எடுக்காமல் விட்டால் வசனத்தைக் குறைக்கவே முடியாது. யார் எந்தப் பக்கம் பார்க்கிறார் என்ற லுக்கையும் சரிபாருங்கள், இருவருக்கும் இடையிலான கற்பனைக் கோட்டைக் கேமரா தாண்டியிருந்தால் இருவரும் ஒரே பக்கம் பார்ப்பதுபோல் இருக்கும்.

ஒலியிலும் இதே கதைதான். ஒவ்வொரு லொகேஷனிலும் எல்லோரும் வாயை மூடிக்கொண்டு 30 நொடி ரூம் டோன், அதாவது அந்த இடத்தின் வெறும் ஒலி, பதிவு செய்யவேண்டும். சத்தம் வராமலிருக்க ஃபிரிட்ஜை அணைத்தீர்களென்றால் வண்டிச் சாவியை அதற்குள் வைத்துவிடுங்கள். கிளம்பும்போது சாவியை எடுக்கப்போய், மறக்காமல் ஃபிரிட்ஜைப் போட்டுவிடுவீர்கள். வீட்டுக்காரரின் பால் கெடாது! செல்போனில் எடுத்த ஷாட் இருந்தால் அதன் ஃபிரேம் ரேட் (நொடிக்கு எத்தனை ஃபிரேம் என்பது) மாறிக்கொண்டே இருக்கலாம்; டைம்லைனில் போடும் முன் நிலையான 24-க்கோ 25-க்கோ மாற்றாவிட்டால் உதட்டசைவு ஒலியிலிருந்து மெல்ல விலகும்.

இந்தப் படத்தைக் காப்பாற்ற, விட்டுப்போன ஷாட்டுகளை மட்டும் எடுக்கும் அரை நாள் பேட்ச் ஒர்க் போதும். கேட்பவர் முகம், கை, கதவு, ஜன்னல். அதே லென்ஸ், அதே உயரம், அதே நேர வெளிச்சம்.

எழுத உட்கார்ந்தால் ஷாட் ஷாட்டாகத்தான் வருகிறது. கதை வரமாட்டேன் என்கிறது. (வாசகர், சேலம்)

காட்சியை ஷாட்டுகளாகப் பிரிக்கும் ஷாட் டிவிஷன் வேறு, திரைக்கதை வேறு. முதல் பிரதியில் ‘க்ளோஸப்’ என்ற சொல்லே வரக்கூடாது என்று வைத்துக்கொள்ளுங்கள். காட்சிக்கு ஓர் அட்டை: யாருக்கு என்ன வேண்டும், குறுக்கே நிற்பது யார். ஓர் அட்டையை உருவியபிறகும் அடுத்த காட்சி புரிந்தால், உருவியது வேண்டாத காட்சி. எடிட்டிங் மேஜையில் செய்வதைத்தான் காகிதத்தில் செய்கிறீர்கள். இங்கே செலவில்லை, அங்கே அரை நாள் பேட்டா.

நீங்கள் எடிட் செய்த ஒரு படத்தின் ஸ்கிரிப்டை எடுத்து, கடைசி வடிவத்தில் இல்லாத வரிகளையெல்லாம் அடித்துப் பாருங்கள். காட்சியின் முதல் இரண்டு வரிகளும் கடைசி வரியும்தான் அதிகம் அடிபட்டிருக்கும்.

பக்கத்துக்கு ஒரு நிமிடம் என்ற கணக்கு ஆங்கில ஸ்கிரிப்ட் வடிவத்துக்கானது. தமிழில் நம்பாதீர்கள். ஸ்டாப்வாட்ச் வைத்து வாய்விட்டுப் படியுங்கள்.

என் படத்தை நானே எடிட் செய்யலாமா? (வாசகர், கோவை)

முதல் கோர்ப்பை வேறொருவரிடம் கொடுங்கள். மழையில் நனைந்து எடுத்த ஷாட்டை வெட்ட உங்களுக்கு மனசு வராது, அவருக்கு வரும். இரண்டு வாரம் கழித்து நீங்கள் உட்காரலாம். பிக்சர் லாக் ஆனபின், அதாவது எடிட் இறுதியானபின் மட்டும் கை வைக்காதீர்கள். ஒரு நொடியை எடுத்தாலும் அதற்குப் பின்னால் வரும் சவுண்டும் டிஐ-யும் (நிறத் திருத்தம்) நகர்ந்துவிடும். மாற்றியே ஆகவேண்டுமென்றால் எந்த நொடியில் மாற்றம் என்ற டைம்கோடுடன் பட்டியல் எழுதி, சவுண்ட், டிஐ செய்பவர்கள் இருவருக்கும் அனுப்புங்கள்.