வாடகைக்கு விட்ட வண்டியில் மது பாட்டில் சிக்கினால், உரிமையாளர் வண்டியை மீட்க முடியுமா?

முடியும், ஆனால் சும்மா உட்கார்ந்திருந்தால் நடக்காது. போலீஸ் வண்டியைப் பிடித்து வைப்பது முதல் கட்டம்தான், அதை அரசுடைமையாக்கி ஏலம் விடுவது அதற்கடுத்த நடவடிக்கை. அதற்கு முன் உங்களுக்கு எழுத்தில் நோட்டீஸ் தந்து, உங்கள் தரப்பைக் கேட்டாக வேண்டும். தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டம், 1937 உரிமையாளருக்கு ஒரு வழி வைத்திருக்கிறது: உங்களுக்குத் தெரியாமல், உங்கள் உடந்தை இல்லாமல் கடத்தல் நடந்தது, நியாயமான முன்னெச்சரிக்கை எல்லாம் எடுத்திருந்தீர்கள் என்று நிரூபிக்க வேண்டும். அந்தச் சுமை உங்கள் தலையில்தான், அதனால் ஆர்.சி. புத்தகம், வாடகை ஒப்பந்தம், டிரிப் ரசீது, டிரைவரோடு பேசிய மெசேஜ் எதையும் தொலைத்துவிடாதீர்கள். நோட்டீஸுக்குக் கெடு முடிவதற்குள் எழுத்தில் பதில் கொடுத்து, நகலில் கையெழுத்து வாங்கிக்கொள்ளுங்கள்.

அப்புறம் இடைக்காலப் பொறுப்பு, அதாவது வழக்கு முடியும்வரை வண்டியை உங்கள் வசம் வாங்கி வைத்திருப்பது. புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.-இன் 497-வது பிரிவில் (பழைய சட்டமான சி.ஆர்.பி.சி.யில் 451) மாஜிஸ்திரேட்டிடம் மனு போடலாம். பிடிபட்ட வண்டிகளை ஸ்டேஷன் வாசலில் துருப்பிடிக்க விடக்கூடாது என்று உச்ச நீதிமன்றமே 2002-இல் சுந்தர்பாய் தேசாய் வழக்கில் சொல்லியிருக்கிறது. ஆனால் அரசுடைமை நடவடிக்கை ஏற்கெனவே தொடங்கியிருந்தால் இந்த மனுவுக்கு எதிர்ப்பு பலமாக இருக்கும், அதனால் தாமதிக்காமல் வக்கீலைப் பாருங்கள். நோட்டீஸே தராமல் உத்தரவு போட்டுவிட்டார்களா? அரசியலமைப்புச் சட்டத்தின் 226-வது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் (அரசு உத்தரவை எதிர்க்கும் மனு) போட அது வலுவான காரணம்.