தலைக்குக் கரண்ட் கொடுப்பதில்லை: மூளையின் மின்பதிவு பற்றிச் சில கேள்விகள்

முப்பது வருடத்துக்குக் கிட்ட ஈஈஜி, அதாவது மூளையின் மின்பதிவு, எடுக்கும் வேலையில் இருந்துவிட்டு, இப்போது திருகோணமலை உவர்மலையில் வீட்டோடு இருக்கிறேன். நான் டொக்டர் இல்லை. தலையில் வயர் ஒட்டி, வருகிற கோடுகளைப் பதிந்து கொடுத்தவள். மூளையின் மின்பதிவு பற்றி எதுவும் கேளுங்கள் என்று சொன்னதற்கு வந்த கேள்விகள் இவை. மருந்தின் அளவு கேட்டவர்கள் கோபிக்க வேண்டாம், அதை உங்கள் டொக்டரிடம்தான் கேட்க வேண்டும்.

கிண்ணியாவிலிருந்து ஒரு தாய்: அக்கா, மகனுக்கு 7 வயது. பாடத்துக்கு நடுவில் சில செக்கன் அப்படியே வெறித்துப் பார்த்துக்கொண்டு இருக்கிறான் என்று டீச்சர் சொல்கிறா. ஈஈஜி எடுக்கச் சொல்லியிருக்கிறார்கள். தலைக்குக் கரண்ட் கொடுப்பார்களா?

இல்லை, தங்கச்சி. கரண்ட் கொடுக்கும் சிகிச்சை வேறு, இது வேறு. டொக்டர் நெஞ்சில் குழாயை வைத்துக் கேட்கிற மாதிரி, இந்தக் கருவி மூளையில் தானாக உண்டாகும் மின்சாரத்தைக் கேட்கிறது. அவ்வளவுதான். மகனுக்கு வலிக்காது. பசையை ஒட்டும்போது கொஞ்சம் கூசும், பிறகு தலை கழுவும்போது நீங்கள்தான் சலித்துக்கொள்வீர்கள்.

முதல் நாள் இரவு ஷாம்பு போட்டு முழுக வார்த்துவிடுங்கள். எண்ணெய் மட்டும் வைக்க வேண்டாம். வெளியே கூட்டிப்போவது என்றாலே பிள்ளைக்கு எண்ணெய் வைத்து வழித்துச் சீவி விடுவது நம் பழக்கம். தேங்காய் எண்ணெய் மின்சாரத்தைக் கடத்தாது. நாங்கள் அதைத் துடைத்தெடுக்கவே கால் மணி நேரம் போய்விடும், அதற்குள் பிள்ளை அழத் தொடங்கிவிடும்.

இருபது வரையான சிறு வில்லைகளைத் தலையில் ஒட்டுவார்கள். எந்த இடத்தில் என்பதற்கு 1958இல் வந்த ஓர் உலகப் பொது அளவு இருக்கிறது. மூக்கு நெற்றியோடு சேரும் பள்ளத்திலிருந்து பின்தலை எலும்பின் மேடுவரை அளந்து, நூற்றுக்குப் பத்து, இருபது என்று பிரித்துப் புள்ளி வைப்போம். இடப்பக்கம் ஒற்றை எண், வலப்பக்கம் இரட்டை எண். பிறகு கண்ணை மூடு, திற என்பார்கள், விளக்கு மினுக்குவார்கள், மூன்று நிமிடம் வேகமாக மூச்சு விடச் சொல்வார்கள். சின்னப் பிள்ளைகளிடம் காகிதக் காற்றாடியைக் கொடுத்து ஊதச் சொல்வது என் வழக்கம். நீங்கள் சொல்வது போன்ற வெறித்த பார்வை வலிப்பாக இருந்தால் அந்த மூச்சிலேயே பெரும்பாலும் வெளிப்பட்டுவிடும். ஒரு பையன் ஊதிக்கொண்டே இருந்தான், காற்றாடி மெல்ல நின்றது, கோடெல்லாம் செக்கனுக்கு மூன்று என்ற கணக்கில் ஊசியும் மேடுமாக எழும்பியது. எட்டு செக்கனில் எல்லாம் அடங்கியது, அவன் விட்ட இடத்திலிருந்து ஊதினான். தான் நின்றதே அவனுக்குத் தெரியாது. இந்த ஊசி-மேட்டு வடிவத்தை 1935இல் பொஸ்டனில் கிப்ஸ், டேவிஸ், லெனொக்ஸ் மூவரும் எழுதி வைத்தார்கள். இன்றும் அதே வடிவத்தைத்தான் பார்க்கிறோம்.

உங்கள் மகன் வெறும் கனவுகாணியாகவும் இருக்கலாம். அதைப் பிரித்தறியத்தான் இந்தப் பதிவு.

நிலாவெளியிலிருந்து ஒருவர்: மனைவிக்கு இரண்டு தடவை வலிப்பு வந்தது. ஈஈஜி நோர்மல் என்று எழுதியிருக்கிறார்கள். அப்படியென்றால் வருத்தம் இல்லைத்தானே?

அப்படிச் சொல்ல முடியாது, ஐயா. சுவாமி மலையில் அரை மணி நேரம் நின்று கடலைப் பார்த்தீர்கள், திமிங்கிலம் தெரியவில்லை. அதற்காகத் திருகோணமலைக் கடலில் திமிங்கிலமே இல்லை என்று எழுதிவிடுவீர்களா? வலிப்பு உள்ளவர்களிலும் ஒரே ஒரு பதிவில் அடையாளம் அகப்படுவது ஏறத்தாழப் பாதிப்பேருக்குத்தான். அதனால்தான் சிலருக்கு இரவு நித்திரை முழித்துவிட்டு வரச் சொல்லி இன்னொரு முறை எடுப்பார்கள். மறுபக்கமும் இருக்கிறது: வலிப்பே வராத சிலரின் கோட்டிலும் ஊசிகள் தெரியும். நடந்தது என்ன என்று கண்டவர் சொல்லும் விவரம்தான் முதலில். அடுத்த முறை வந்தால் அவரைப் பக்கவாட்டில் படுக்க வைத்து, வாயில் எதையும் திணிக்காமல், பக்கத்தில் இருக்கும் யாரையாவது போனில் வீடியோ எடுக்கச் சொல்லுங்கள். பல நேரம் அது எங்கள் கோட்டைவிடப் பெறுமதியானது.

பாலையூற்று, உயர்தர மாணவன்: மிஸ், நரம்புக்கலம் உண்டாக்கும் மின் துடிப்பைத்தான் ஈஈஜி காட்டுகிறதா?

பாடப்புத்தகம் படித்த எல்லோரும் விழுகிற குழி இது, தம்பி. ஒரு கலத்தின் துடிப்பு ஒரு மில்லிசெக்கன் அளவில் முடிந்துவிடும், மண்டையோட்டைத் தாண்டி அது தனியாக வராது. ஈஈஜியில் வருவது பெரும்பாலும் கலங்கள் ஒன்றிடமிருந்து ஒன்று செய்தி வாங்கும் இடங்களில் எழும் மெதுவான மின்னழுத்த மாற்றம். அதுவும் ஒரு கலத்தில் மட்டும் நடந்தால் வெளியே தெரியாது.

கோணேசர் கோயிலில் திருவிழா நேரம் கோட்டை வாசலில் நின்றிருக்கிறாயா? மேலே ஆயிரம் பேர் ஆயிரம் கதை பேசுவது உனக்குக் கேட்காது. எல்லோரும் சேர்ந்து ஒரே மூச்சில் அரோகரா என்றால் கேட்கும். மூளையின் மேற்பட்டையில் கூம்பு வடிவக் கலங்கள் நெல்லுப் பயிர் மாதிரி ஒரே திசையில் நிமிர்ந்து நிற்கின்றன. ஆயிரக்கணக்கில் அவை ஒன்றாக ஏறி இறங்கும்போதுதான் வெளியே அலை வரும். வந்தாலும் 10 முதல் 100 மைக்ரோவோல்ட்தான். மணிக்கூட்டுக்குப் போடும் 1.5 வோல்ட் பற்றறியோடு பார்த்தால், 50 மைக்ரோவோல்ட் என்பது அதில் முப்பதாயிரத்தில் ஒரு பங்கு.

ஆகவே அலை பெரிதாக இருந்தால் மூளை கடுமையாக வேலை செய்கிறது என்று நினைக்காதே. ஆழ்ந்த நித்திரையில்தான் அலை மிகப் பெரிது, செக்கனுக்கு நான்குக்கும் குறைவு. விழித்திருந்து கணக்குச் செய்யும்போது ஒவ்வொரு கூட்டமும் தன் தன் வேலையைப் பார்க்கும், கோடு சின்னதாகிப் பொடிப்பொடியாக ஓடும்.

தனிக்கலத்தைக் கேட்க வேண்டுமென்றால் மெல்லிய கம்பியை உள்ளேயே விட வேண்டும். ஹியூபலும் வீஸலும் 1950களின் கடைசியில் பூனையின் பார்வைப் பகுதியில் அப்படிச் செய்தார்கள். கலத்தின் துடிப்பை ஒலிபெருக்கியில் கேட்டபடி, கண்ணாடித் தட்டில் கறுப்புப் புள்ளி வைத்துப் பூனைக்குக் காட்டிக்கொண்டிருந்தார்கள். கலம் புள்ளியைக் கவனிக்கவே இல்லை. தட்டை மாற்றிச் செருகும்போது மட்டும் படபடவென்று அடித்தது. என்னவென்று பார்த்தால், தட்டின் ஓரத்து நிழல்! குறிப்பிட்ட சாய்வில் உள்ள கோட்டுக்கு மட்டும் பேசும் கலங்கள் இருப்பது இப்படித்தான் பிடிபட்டது. 1981இல் நோபல் பரிசு.

திருக்கடலூர் மீனவர்: மகள் சொல்கிறாள், நரம்பு எப்படி வேலை செய்கிறது என்பதைக் கணவாயை வைத்துத்தான் கண்டுபிடித்தார்களாம். பகிடியா?

பகிடி இல்லை, அண்ணை. நீங்கள் கிட்டப் போனதும் கணவாய் தண்ணீரைப் பீச்சி ஒரே பாய்ச்சலில் பின்னுக்குப் போகுமே, அந்த அவசரக் கட்டளை போகிற நரம்பு நார் சில இனங்களில் ஒரு மில்லிமீற்றர்வரை தடிப்பம். நம் உடம்பில் உள்ள மிகத் தடித்த நார்கூட அதில் ஐம்பதில் ஒரு பங்கு அளவுதான், பலது அதையும்விட மெல்லிசு. தடித்த நாரில் செய்தி விரைவாகப் போகும்.

1939இல் இங்கிலாந்தின் பிளைமவுத்தில் ஹொட்ஜ்கினும் ஹக்ஸ்லியும் அந்த நாருக்குள் நீளவாக்கில் மின்வாயைச் செருகி, உள்ளே எவ்வளவு மின்னழுத்தம் என்று நேரடியாக அளந்தார்கள். அதோடு யுத்தம் வந்துவிட்டது. திரும்ப வந்து முடித்து 1952இல் வெளியிட்டார்கள்: சோடியம் உள்ளே பாய்கிறது, பொட்டாசியம் பின்னால் வெளியே வருகிறது, அதுதான் துடிப்பு. 1963இல் நோபல். உங்கள் மகளின் மூளையிலும் அடிப்படைக் கணக்கு இதுதான். அவள் இதைத் தேடிப் படித்திருக்கிறாள் என்றால் படிக்க விடுங்கள்.

மூளையின் மின்சாரத்தை முதலில் கண்டவர் யார்? (மூன்று பேர் கேட்டிருக்கிறார்கள்)

மிருகங்களில் என்றால் லிவர்பூலைச் சேர்ந்த ரிச்சர்ட் கேட்டன், 1875. முயல், குரங்கு மூளைகளில் மின்னோட்டம் கண்டார். மனிதரில் என்றால் ஜெர்மனியின் யேனா நகரத்து மனநல மருத்துவர் ஹான்ஸ் பெர்கர். 1924இல் முதல் பதிவு. வெளியே சொல்ல 1929 ஆகிவிட்டது. அவ்வளவு தயக்கம்.

அவர் ஏன் தொடங்கினார் என்பதுதான் எனக்குப் பிடித்த கதை. இளைஞனாகப் படையில் இருந்தபோது குதிரையிலிருந்து விழுந்து மயிரிழையில் தப்பினார். அன்றைக்கே வீட்டிலிருந்து தந்தி: உன் சகோதரிக்கு மனம் சரியில்லை, உனக்கு ஏதோ நடந்துவிட்டது என்கிறாள், நலமா என்று. மனதிலிருந்து மனதுக்குச் செய்தி போகிறது என்று நம்பி, அந்தச் சக்தியைத் தேடித்தான் மூளைக்குள் இறங்கினார். தேடியது கிடைக்கவில்லை, ஈஈஜி கிடைத்தது. கண்ணை மூடியதும் செக்கனுக்குப் பத்தளவில் வரும் அல்பா அலை அவர் கண்டது. பலர் நம்பவில்லை. 1934இல் கேம்பிரிட்ஜின் ஏட்ரியனும் மத்யூஸும் செய்து காட்டிய பிறகுதான் உலகம் ஏற்றுக்கொண்டது.

மூதூர், தமிழ் ஆசிரியை: மொழியை மூளை எப்படிப் புரிந்துகொள்கிறது என்று இதில் பார்க்கலாமா?

பார்க்கலாம் மிஸ், அழகான வழி ஒன்று இருக்கிறது. "இடியப்பத்துக்குச் சொதி ஊற்றினாள்" என்று வாசித்தால் கோட்டில் ஒன்றும் பெரிதாக இல்லை. "இடியப்பத்துக்கு மண்ணெண்ணெய் ஊற்றினாள்" என்றால், அந்தச் சொல் வந்து சுமார் 400 மில்லிசெக்கனில் எதிர்மின் (நெகட்டிவ்) பக்கமாக ஓர் இறக்கம் வரும். 1980இல் கூட்டாஸும் ஹில்யார்டும் ஆங்கிலத்தில் கண்டது இது. ஒரு தடவை வாசித்தால் இரைச்சலில் அமுங்கிவிடும். பல டசின் வாக்கியங்களைக் காட்டிச் சராசரி எடுத்தால்தான் தெரியும். இலக்கணப் பிழைக்கு வேறு ஓர் அலை, இன்னும் பிந்தி, 600 மில்லிசெக்கன் அளவில் வரும். பொருளும் இலக்கணமும் மூளைக்கு ஒரே வேலை இல்லை என்று இதைவைத்து வாதிடுகிறார்கள்.

ஈஈஜியின் பலமே நேரம்தான். எம்ஆர்ஐயில் இரத்த ஓட்டத்தைப் பார்க்கும் முறை இடத்தைத் துல்லியமாகச் சொல்லும், ஆனால் இரத்தம் கூடி உச்சம் வர ஐந்து செக்கன் ஆகும். அதற்குள் உங்கள் மாணவி அடுத்த வரிக்குப் போயிருப்பாள்.

பெயர் வேண்டாம் என்று ஒருவர்: பொலிஸ் இதைப் போட்டு மனதில் உள்ளதைப் படிக்க முடியுமா?

முடியாது. தெரிந்த பொருளைக் கண்டதும் 300 மில்லிசெக்கன் அளவில் ஓர் அலை எழும் என்பது உண்மை. அதைக் குற்றவாளியைப் பிடிக்கப் பயன்படுத்த இந்தியாவில் முயன்றார்கள். ஆளின் சம்மதம் இல்லாமல் இப்படிச் சோதிக்கக்கூடாது என்று 2010இல் செல்வி எதிர் கர்நாடக மாநிலம் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. பழக்கமான கத்தி என்பதும் அதால் குத்தினான் என்பதும் ஒன்றா?

உப்புவெளி: புலமைப்பரிசில் பரீட்சைக்கு முன் பிள்ளையின் அல்பா அலையைக் கூட்டுகிற தலைப்பட்டி விற்கிறார்கள். வாங்கலாமா?

வேண்டாம். அல்பா வேண்டுமென்றால் கண்ணை மூடச் சொல்லுங்கள், காசு இல்லாமல் வரும். பிள்ளையை ஒன்பது மணிக்குப் படுக்க வையுங்கள்.

அதே பாலையூற்று மாணவன்: வீட்டில் நானே ஒன்று செய்யலாமா, மிஸ்?

செய், ஆனால் பற்றறியில் மட்டும். சுவர் கரண்டில் ஓடும் எதையும் தலையில் ஒட்டாதே, சார்ஜில் போட்ட மடிக்கணினியையும் இணைக்காதே. முதலில் உனக்கு வருவது மூளையாக இருக்காது, கண் சிமிட்டலாக இருக்கும். விழி தானே ஒரு சின்னப் பற்றறி மாதிரி, அது அசைந்தால் கோடு துள்ளும். பல்லைக் கடித்தால் தசையின் மின்சாரம் எல்லாவற்றையும் மூடிவிடும்.

பிறகு வீட்டு வயரிங்கின் 50 ஹேர்ட்ஸ் இரைச்சல். ஒருநாள் ஒரு குழந்தையின் பதிவு முழுக்கக் கயிறு மாதிரித் தடித்து வந்தது. வில்லைகளை மாற்றினேன், வயரை மாற்றினேன், அரை மணி நேரம் தலையைப் பிய்த்துக்கொண்டேன். கடைசியில் பார்த்தால், அம்மம்மா தன் போனைச் சார்ஜில் போட்டுப் பிள்ளையின் தலையணைக்குக் கீழே வைத்திருக்கிறா, களவு போகாமல் இருக்க. எனவே மேசையைச் சுவரிலிருந்து தள்ளி வை, ஃபேனையும் நிறுத்திவிடு. வியர்க்கும், பரவாயில்லை. பின்தலையில் ஒரு வில்லையை ஒட்டிக் கண்ணை மூடி, கோட்டைப் பார்க்கத் தம்பியையோ தங்கச்சியையோ பக்கத்தில் இருத்து. கண்ணைத் திறந்து நீயே பார்க்கப் போனால் அல்பா ஓடிவிடும்.