பனிச்சிறுத்தையைத் தேடி ஹெமிஸுக்கு: வாசகர் கேள்விகளும் பதில்களும்

லடாக்கின் ஹெமிஸ் தேசியப் பூங்காவில் குளிர்காலத்தில் வழிகாட்டியோடு போகும் பனிச்சிறுத்தைப் பயணம் பற்றி வந்த கேள்விகளில் சிலவற்றுக்கு இந்த இதழில் பதில்.

கோடையில் லே போனாலே மூச்சு வாங்கும் என்கிறார்கள். உறையும் குளிரில் ஏன் போக வேண்டும்? கோடையில் பனிச்சிறுத்தை தெரியாதா?
*– ஒரு வாசகர், சேலம்*

கோடையிலும் அது அங்கேதான் இருக்கிறது. ஆனால் அதன் முக்கிய இரையான பாரல் எனும் நீல ஆடுகள் அப்போது 5,000 மீட்டருக்கு மேலே உள்ள புல்வெளிகளுக்கு ஏறிவிடும். குளிர்காலத்தில் மேய்ச்சலுக்காக அவை பள்ளத்தாக்குச் சரிவுகளுக்கு இறங்கும்; பின்னாலேயே பனிச்சிறுத்தையும் இறங்கும். ஜனவரிக் கடைசி முதல் மார்ச் நடுப்பகுதி வரை அதன் இணைசேரும் காலம். தனித்தே வாழும் விலங்கு அந்த நாட்களில் துணை தேடிக் குரல் கொடுக்கும், பாறைகளில் மணம் தெளிக்கும், பகலிலும் நடமாடும். இரவில் புதுப்பனி விழுந்திருந்தால் காலையில் காலடித் தடமும் கிடைக்கும். அதனால்தான் இந்தப் பயணங்கள் அந்த வாரங்களைச் சுற்றியே அமைகின்றன.

எதிர்பார்ப்பு அளவோடு இருக்கட்டும். 2024 ஜனவரியில் வெளியான நாடு தழுவிய மதிப்பீட்டின்படி இந்தியாவில் 718 பனிச்சிறுத்தைகள். அவற்றில் 477 லடாக்கில். 1981இல் அறிவிக்கப்பட்ட ஹெமிஸ் பூங்கா மட்டும் ஏறத்தாழ 4,400 சதுர கிலோமீட்டர். அவ்வளவு பெரிய மலையில், பாறை நிறத்திலேயே ரோமம் கொண்ட ஒரு விலங்கைத் தேடப் போகிறோம்.

ஆறு நாள் பயணம் ஒன்று பார்த்து வைத்திருக்கிறேன். முதல் நாள் லேயில் இறங்கி, மறுநாள் காலையே ரும்பாக் கிராமத்துக்குக் கூட்டிப் போகிறார்களாம். அலுவலகத்தில் விடுப்பு குறைவு. போதுமா?
*– ஒரு வாசகர், கோவை*

போதாது. அந்தத் திட்டத்தில் பணம் கட்டாதீர்கள் என்பதே எங்கள் பதில். லே நகரம் சுமார் 3,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஹெமிஸ் பூங்காவுக்குள் இருக்கும் ரும்பாக் சுமார் 4,000. கடல் மட்டத்திலிருந்து விமானத்தில் போகிறவர் உடலுக்கு, படிப்படியாக ஏறும் வாய்ப்பே கிடையாது. 3,000 மீட்டருக்கு மேல், தூங்கும் இடத்தின் உயரத்தை ஓர் இரவுக்கு 500 மீட்டருக்கு மேல் கூட்டக் கூடாது என்பது மலைப் பயணத்தின் அடிப்படை விதி. விமானத்தில் வந்திறங்கும்போதே அதை மீறிவிடுகிறோம். அந்தக் கடனை லேயில் தங்கித்தான் அடைக்க வேண்டும்.

முதல் நாள் அறையிலேயே ஓய்வு. பெட்டியைக்கூட நீங்கள் தூக்க வேண்டாம், மாடிப்படி ஏற வேண்டாம். இரண்டாம் நாள் சமதளத்தில் அரை மணி நேர நடை. மூன்றாம் நாள் வண்டியில் ஷே பக்கம் சிந்து நதிக்கரைக்குப் போய் வரலாம். லேயைவிடத் தாழ்வான இடம், ஐபிஸ்பில் பறவையைத் தேட நல்ல இடமும்கூட. நான்காம் நாள்தான் ரும்பாக் பள்ளத்தாக்கு. அங்கே ஆறு அல்லது ஏழு முழு நாட்கள் வேண்டும். கடைசியில் டெல்லிக்குத் திரும்ப இரண்டு நாள் கூடுதலாக வைத்திருங்கள். பனியும் மேகமும் இறங்கினால் லே விமானங்கள் ரத்தாகும்; குளிர்காலத்தில் மணாலி சாலை மூடியிருப்பதால் அந்த வழியிலும் இறங்க முடியாது. ஆக மொத்தம் 12 நாட்கள். விடுப்பு அவ்வளவு இல்லையென்றால் அடுத்த ஆண்டுக்குத் தள்ளிவைப்பது நல்லது.

உயரத்தில் ஆக்சிஜன் குறைவதால் வரும் மலை நோயின் தொடக்கம் தலைவலி, குமட்டல், பசியின்மை, அசதி. இவை வந்தால் மேலே ஏறாதீர்கள். அதே உயரத்தில் ஓய்வெடுங்கள். குறையாமல் கூடினால் இறங்குங்கள். சும்மா உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்குவது, விடாத இருமல், உதடு நீலமாவது எல்லாம் நுரையீரலில் நீர் கோத்திருப்பதற்கான அறிகுறி. குதிகாலை முன்விரலோடு ஒட்டி நேர்க்கோட்டில் நடக்கச் சொன்னால் தள்ளாடுகிறார், பேச்சு குழறுகிறது என்றால் மூளையில் வீக்கம். இந்த இரண்டிலும் விடியட்டும் என்று காத்திருக்கக் கூடாது. இரவானாலும் ஆக்சிஜன் கொடுத்தபடி லே மருத்துவமனைக்கு இறக்க வேண்டும். மற்றவர் பயணம் கெடுமே என்று தலைவலியை மறைப்பவர்கள்தான் பெரும்பாலும் இந்த நிலைக்குப் போகிறார்கள். தயவுசெய்து மறைக்காதீர்கள்.

விரலில் மாட்டும் ஆக்சிமீட்டர் உதவும், ஆனால் விரல் சில்லிட்டிருந்தால் தவறாகக் குறைத்துக் காட்டும். கையை நன்றாகத் தேய்த்துச் சூடாக்கிய பிறகே பாருங்கள்.

அப்பாவுக்கு 66 வயது. சர்க்கரை, இரத்த அழுத்தம் இரண்டுக்கும் மருந்து சாப்பிடுகிறார். பறவை பார்ப்பதில் உயிர். அவரை அழைத்துப் போகலாமா?
*– ஒரு வாசகி, நாகர்கோவில்*

வயது மட்டும் தடையில்லை. அவருடைய மருத்துவர் உடலைப் பார்த்து, இதயப் பரிசோதனை செய்து, சரி என்று சொல்ல வேண்டும். உயரத்துக்கான டையமாக்ஸ் மாத்திரையைப் பொதுவாக 125 மில்லிகிராம் வீதம் காலை, மாலை, ஏறுவதற்கு முந்தைய நாளிலிருந்து தருவார்கள். அது சிறுநீரைக் கூட்டும், விரல் நுனிகளில் மதமதப்பு வரும், சல்ஃபா ஒவ்வாமை உள்ளவர்களுக்கு ஆபத்தாகலாம். இரத்த அழுத்தத்துக்கு ஏற்கெனவே நீர் பிரிக்கும் மாத்திரை எடுப்பவர் என்றால் இரண்டும் சேர்வதை மருத்துவரே முடிவு செய்ய வேண்டும். தூக்க மாத்திரையும் மதுவும் அங்கே கூடவே கூடாது.

இன்சுலின் போடுகிறார் என்றால் கவனம்: ஒருமுறை உறைந்த இன்சுலின் வீண்; உருகினாலும் பயன்படுத்தக் கூடாது. பகலில் சட்டைக்குள் உடம்போடு ஒட்டி, இரவில் உறங்கும் பைக்குள். சர்க்கரை பார்க்கும் கருவியும் பட்டைகளும் கடுங்குளிரில் வேலை செய்யாது அல்லது தப்பாகக் காட்டும். அவற்றையும் அதே போல் வைத்திருங்கள்.

ரும்பாக் பக்கம் பனிக்கட்டி படிந்த பாதையில் தினமும் நடக்க வேண்டியிருக்கும். அப்பாவுக்கு அது கடினம் என்று பட்டால், பூங்காவுக்கு வெளியே உள்ள உலே கிராமத்தைக் கேட்டுப் பாருங்கள். உயரம் ஏறத்தாழ அதேதான், ஆனால் வீட்டு வாசல் வரை வண்டி போகும். சாலையோரத்திலேயே தொலைநோக்கியை நிறுத்திச் சரிவுகளைப் பார்க்கலாம். ஐபெக்ஸ் ஆடுகள் அங்கே நன்றாகத் தெரியும்.

வாழ்நாளில் பனியே பார்த்ததில்லை. என்னென்ன உடை எடுத்துப் போவது?
*– ஒரு வாசகர், மதுரை*

ரும்பாக்கில் பிப்ரவரி இரவுகளில் மைனஸ் 20 டிகிரி சாதாரணம். பகல் வெயிலில் பூஜ்யத்தை ஒட்டி வரும். உங்களுக்கு உண்மையில் குளிரப்போவது நடக்கும்போது அல்ல. தொலைநோக்கிக்குப் பின்னால் மூன்று மணி நேரம் அசையாமல் நிற்கும்போதுதான்.

முதலில் பருத்தி பனியனை வீட்டிலேயே விட்டுவிடுங்கள். ஏற்றத்தில் வியர்க்கும், பருத்தி அந்த ஈரத்தைப் பிடித்து வைத்துக்கொள்ளும், நின்றதும் முதுகு விறைக்கும். உடம்போடு ஒட்டியது கம்பளி அல்லது செயற்கை இழை தெர்மல், அதன்மேல் ஃப்ளீஸ் எனும் மெத்தென்ற செயற்கைத் துணிச் சட்டை, அதன்மேல் இறகு அடைத்த ஜாக்கெட், வெளியே காற்றுப் புகாத ஒன்று. நடக்கத் தொடங்கும் முன்பே ஒரு அடுக்கைக் கழற்றுங்கள், நின்றவுடன் போட்டுக்கொள்ளுங்கள். குளிர் எடுத்த பிறகு போர்த்தினால் சூடு ஏற நேரமாகும். காலணி வழக்கத்தைவிட ஓர் அளவு பெரிது. இரண்டு காலுறை போட்டு இறுக்கிக் கட்டினால் இரத்த ஓட்டம் குறைந்து விரல்கள்தான் முதலில் மரத்துப் போகும். கைக்கு மெல்லிய உறை ஒன்று, அதன்மேல் நான்கு விரலும் ஒன்றாகப் போகும் தடித்த உறை. நம்மூர் குரங்குக் குல்லா அங்கே மிகச் சரியான பொருள், தயங்காமல் எடுத்துக்கொள்ளுங்கள்.

காலணிக்கு அடியில் மாட்டும் இரும்பு முள் பட்டை அவசியம். விழுந்து கையை முறித்துக்கொள்வது பெரும்பாலும் காலை முதல் நடையில், உறைந்த ஓடையைக் கடக்கும்போதுதான். கறுப்புக் கண்ணாடி புற ஊதாக் கதிரை முழுக்கத் தடுப்பதாக இருக்கட்டும். பனியில் பட்டுத் திரும்பும் வெயில் ஒரே பகலில் கண்ணைப் புண்ணாக்கிவிடும்.

தண்ணீர்ப் புட்டியைப் பையில் தலைகீழாக வையுங்கள். பனிக்கட்டி மேலிருந்து பிடிக்கும் என்பதால் மூடிப் பக்கம் அடைக்காது. இரவில் அதிலேயே வெந்நீர் ஊற்றி உறங்கும் பைக்குள் வைத்தால் காலும் சூடாகும், காலையில் குடிக்கவும் ஆகும். தலைக்குத் தேங்காய் எண்ணெய் கொண்டுபோகிறவர்கள் கவனிக்க: புட்டிக்குள் கல்லாகிவிடும்.

600 மி.மீ. லென்ஸ் வைத்திருக்கிறேன். தனியாக ஸ்பாட்டிங் ஸ்கோப் (முக்காலியில் நிறுத்திப் பார்க்கும் தொலைநோக்கி) தேவையா? எப்படித் தேடுவது என்றும் சொல்லுங்கள்.
*– ஒரு வாசகர், திருச்சி*

தேவை. ஆனால் வாங்க வேண்டாம், பயணத்தை நடத்துபவர்கள் கொண்டுவர வேண்டும். பனிச்சிறுத்தை பெரும்பாலும் அரை கிலோமீட்டரிலிருந்து இரண்டு கிலோமீட்டர் தொலைவில்தான் தெரியும். அந்தத் தூரத்தில் 600 மி.மீ. லென்ஸில் அது ஒரு புள்ளி. 20 முதல் 60 மடங்கு பெரிதாக்கும் ஸ்கோப்பில்தான் அது வாலைச் சுருட்டி மூக்கின்மேல் போர்த்திக்கொள்வது தெரியும். மூன்று, நான்கு பேருக்கு ஒரு ஸ்கோப்பாவது இருக்க வேண்டும். பத்துப் பேருக்கு ஒன்று என்றால், உங்கள் முறை வருவதற்குள் விலங்கு முகட்டைத் தாண்டியிருக்கும்.

தேடுவதற்கு 8 அல்லது 10 மடங்கு பெரிதாக்கும் (8x42, 10x42) பைனாகுலர் போதும். முதலில் வானத்தோடு ஒட்டிய முகட்டுக் கோடு. அங்கே நடக்கும் உருவம் உடனே தெரியும். பிறகு முகடுகள் தாழும் கணவாய்கள், அடுத்து வெயில் விழும் பாறைத் திட்டுகள். சரிவை மனத்தில் கட்டம் கட்டமாகப் பிரித்து, ஒரு கட்டத்தை முடித்த பிறகே அடுத்ததற்குப் போங்கள். கண்ணைச் சும்மா ஓட்டினால் எதுவும் படாது. வால்பாறையிலோ மூணாறிலோ வரையாடு தேடிப் பழகிய கண்ணுக்கு இது பாதி கைவந்த வேலை. இங்கே தேட வேண்டியது உருண்ட முதுகு, நீண்டு தொங்கும் தடித்த வால்.

நீங்கள் சிறுத்தையைப் பார்ப்பதற்கு முன் பாரல்கள் பார்த்திருக்கும். மேய்ந்துகொண்டிருந்த மந்தை தலை தூக்கி ஒரே திசையை உற்றுப் பார்த்தால், அவை எங்கே பார்க்கின்றனவோ அங்கே ஸ்கோப்பைத் திருப்புங்கள். காகங்களும் மேக்பைகளும் ஓரிடத்தில் கூடி எழுந்து அமர்ந்தால் அங்கே இரை கிடக்கலாம். காலை ஏழு முதல் பத்து, மாலை மூன்றரையிலிருந்து இருட்டும் வரை நல்ல நேரம். நடுப்பகலில் சூடேறிய காற்று அலையாடுவதால் 60 மடங்கில் எல்லாம் கலங்கும், 30க்குள் வைத்துக்கொள்ளுங்கள்.

கேமரா பேட்டரிகளைச் சட்டைப் பைக்குள் வையுங்கள், குளிரில் சார்ஜ் சட்டென்று இறங்கிவிடும். மாலையில் அறைக்குள் நுழையும் முன், வெளியிலேயே கேமராவை பிளாஸ்டிக் பையில் போட்டு இறுக மூடிவிடுங்கள். அறைச் சூட்டுக்கு வந்த பிறகு திறந்தால் லென்ஸுக்குள் நீர் கோக்காது. ஸ்கோப் கண்ணாடியில் மூச்சு படாமல் பாருங்கள். படிந்த மூச்சு அங்கேயே உறைந்துவிடும்.

சைவச் சாப்பாடு கிடைக்குமா? கழிப்பறை வசதி எப்படி? கூச்சப்படாமல் கேட்கிறேன்.
*– ஒரு வாசகி, சென்னை*

கேட்க வேண்டிய கேள்விதான். ரும்பாக்கில் கிராமத்து வீடுகளிலேயே தங்குவீர்கள். சோறு, பருப்பு, காய்கறி, ரொட்டி, காய்கறி துக்பா (நூடுல்ஸ் சூப்) எல்லாம் கிடைக்கும். வெண்ணெயும் உப்பும் சேர்த்த தேநீர் தருவார்கள். 4,000 மீட்டரில் தண்ணீர் சுமார் 87 டிகிரியிலேயே கொதித்துவிடும் என்பதால் பருப்பு குக்கரில்தான் வேகும். நேரம் ஆகும், அவசரப்படுத்தாதீர்கள். பசி மந்தமாக இருக்கும் நாட்களுக்குப் பருப்புப் பொடியோ ஊறுகாயோ கைகொடுக்கும்.

கழிப்பறை லடாக்கின் பாரம்பரிய உலர் கழிப்பறை. தரையில் ஒரு திறப்பு, பக்கத்தில் மண்ணும் மண்வெட்டியும். முடித்ததும் மண்ணைத் தள்ள வேண்டும். தண்ணீர் ஊற்றக் கூடாது: உறைந்து பனிக்கட்டியாகும், வயலுக்குப் போகும் எருவும் கெடும். காகிதம் கொண்டுபோங்கள். ஈரத் துடைப்பான் பாக்கெட்டோடு உறைந்துவிடும், மட்கவும் மட்காது. மாதவிடாய்ப் பட்டைகளைத் தனிப் பையில் லேவுக்குத் திரும்பக் கொண்டுவர வேண்டும்.

அறையில் புகாரி எனும் இரும்பு அடுப்பு எரியும். தூங்கும் முன் அதை அணைத்துவிடுங்கள், சன்னலில் விரலளவு இடைவெளி விடுங்கள். லே விடுதிகளில் தரும் கேஸ் ஹீட்டருக்கும் இதே விதி. மூடிய அறையில் சேரும் கார்பன் மோனாக்சைடுக்கு மணமில்லை. அதன் தலைவலியை மலை நோய் என்று நினைத்துப் படுத்தே கிடப்பார்கள்.

"நிச்சயம் காட்டுவோம்" என்கிறது ஒரு நிறுவனம். நம்பலாமா?
*– ஒரு வாசகர், ஈரோடு*

வேண்டாம். நிச்சயம் என்று சொல்ல எவராலும் முடியாது. சொல்கிறவர் அதைக் காப்பாற்ற விலங்கை நெருக்குவார். பதிலாக இவற்றைக் கேளுங்கள்: உள்ளூர்த் தேடுநர்கள் எத்தனை பேர்? விடியும் முன்பே முகட்டுக்குப் போய் வாக்கி-டாக்கியில் தகவல் தருவார்களா? ஆக்சிஜன் உருளை முகாமிலேயே இருக்குமா? ஒருவருக்கு உடம்புக்கு முடியாமல் போனால் அவரோடு இறங்க இரண்டாவது வழிகாட்டி உண்டா? தங்குவது கிராம வீடுகளிலா? நான்காவதற்குத் தெளிவான பதில் வராவிட்டால் வேறு இடம் பாருங்கள்.

கடைசிக் கேள்வி ஏன் என்றால், 2002 வாக்கில் ரும்பாக் பக்கம் தொடங்கிய வீட்டுத் தங்கல் திட்டம்தான் இங்கே பலரின் மனத்தை மாற்றியது. பனிச்சிறுத்தை தொழுவத்துக்குள் புகுந்தால் ஒரே இரவில் பல ஆடுகளைக் கொன்றுவிடும். அப்படி இழந்தவருக்கு அது எதிரி. விருந்தினர் தரும் வருமானமும், தொழுவத்துக்கு மேலே அடித்துக் கொடுத்த கம்பி வலையும் சேர்ந்துதான் அந்தப் பகையைக் குறைத்தன.

இன்னொன்று: வெளி மாநில ப்ரீபெய்டு சிம் லடாக்கில் வேலை செய்யாது. போஸ்ட்பெய்டு எண் ஒன்று கையில் இருக்கட்டும்.

இரையைக் கொன்று தின்றுகொண்டிருந்தால் அருகில் போய்ப் படம் எடுக்கலாமா?
*– ஒரு வாசகர், ஓசூர்*

போகாதீர்கள். ஒரு பெரிய பாரலை வீழ்த்தினால் அது பல நாட்கள் அங்கேயே தங்கித் தின்னும். உங்களுக்கும் அதுவே நல்வாய்ப்பு. எதிர்ச் சரிவில், ஸ்கோப்புக்குப் பின்னால், பேச்சைக் குறைத்து உட்கார்ந்தால் நாள் முழுக்கப் பார்க்கலாம். நெருங்கினால் அது இரையை விட்டுவிட்டுப் போய்விடும். மீதியை நாய்களும் ஓநாய்களும் தின்றுவிடும். குளிரில், வழுக்கும் செங்குத்துப் பாறையில் அது மீண்டும் வேட்டையாட வேண்டியிருக்கும். அந்தச் சமயம் அது குட்டிகளோடு இருக்கும் தாயாகவும் இருக்கலாம். வழிகாட்டியே "வாங்க, இன்னும் கொஞ்சம் கிட்டப் போகலாம்" என்று கூப்பிட்டாலும், நாங்கள் இங்கேயே இருக்கிறோம் என்று சொல்லுங்கள்.