இரும்பும் இறகும்

அன்புள்ள ஐயா,

இத்தாலிய இயக்குநர் செர்ஜியோ லியோனியின் ‘டாலர்’ கௌபாய் படங்கள் மூன்றையும் ஒரே வாரத்தில் பார்த்து முடித்தேன். மூன்றிலும் ஒரே பருத்த மனிதர் வருகிறார். மூன்றிலும் அடியாள்தான், மூன்றிலும் செத்துப்போகிறார். தேடியதில் மாரியோ ப்ரேகா என்ற பெயர் கிடைத்தது. இவரையெல்லாம் நடிகர் என்று சொல்ல முடியுமா? உடம்பை வாடகைக்கு விட்டார் என்பதற்குமேல் இவரைப் பற்றிப் பேச என்ன இருக்கிறது?

கே.

அன்புள்ள கே.,

நிறைய இருக்கிறது. உங்கள் கடைசிக் கேள்வி எனக்குக் கொஞ்சம் வலித்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் நான் மிகவும் விரும்பும் நடிகர்களில் ஒருவர் ப்ரேகா.

1923இல் ரோமில் பிறந்தவர். நடிக்க வருவதற்கு முன் கசாப்புத் தொழில் செய்தவர். 1964இல் டாலர் படங்களில் முதலாவதான ‘எ ஃபிஸ்ட்ஃபுல் ஆஃப் டாலர்ஸ்’ வெளியானபோது அதை அமெரிக்கப் படமாகக் காட்டுவதற்காக எல்லோருக்கும் ஆங்கிலப் பெயர் சூட்டினார்கள். லியோனி ‘பாப் ராபர்ட்சன்’ ஆனார். இசையமைத்த மோரிக்கோனே ‘டான் சாவியோ’. நம் ப்ரேகா ‘ரிச்சர்ட் ஸ்டைவசன்ட்’. பெயர் போனதோடு முடியவில்லை, குரலும் போனது. அன்றைய இத்தாலியப் படங்களில் படப்பிடிப்புத் தளத்தின் ஒலியைப் பயன்படுத்த மாட்டார்கள். வசனமெல்லாம் பிறகு ஸ்டுடியோவில் சேர்ப்பதுதான். மெக்சிகோக் கொள்ளைக்காரனும் அமெரிக்க உள்நாட்டுப் போரின் வடக்குப் படைக் கார்ப்பரலும் ரோம் நகரத்துத் தெருப்பேச்சில் பேசினால் எடுபடுமா? ஆகவே உடம்பு மட்டுமே அவரிடம் மிஞ்சியது. வாடகை என்று நீங்கள் சொல்வது அதைத்தான். ஆனால் அந்த உடம்பை வைத்துக்கொண்டு அவர் என்ன செய்தார் என்று பாருங்கள்.

மூன்றாவது படமான ‘தி குட், தி பேட் அண்ட் தி அக்லி’யின் கைதிகள் முகாம் காட்சியை இன்னொரு முறை ஓடவிடுங்கள். அறைக்குள் கார்ப்பரல் வாலஸாக வரும் ப்ரேகா, எலி வாலக் நடிக்கும் கொள்ளைக்காரன் டூக்கோவை அடிக்கிறார். அலறல் கேட்காமலிருக்க வெளியே கைதிகளை வாத்தியம் வாசிக்க வைத்திருக்கிறார்கள். வாலஸின் முகத்தில் வெறி இல்லை, அவசரமும் இல்லை. தினமும் செய்யும் வேலையைச் செய்கிறவனின் நிதானம்தான் தெரிகிறது. இறைச்சி வெட்டிப் பழகிய கையின் நிதானம் அது என்றே எனக்குத் தோன்றுகிறது. இதை எந்த நடிப்புப் பள்ளியும் சொல்லித்தராது.

அடுத்தது ரயில். டூக்கோவும் வாலஸும் ஒரே விலங்கில் பிணைக்கப்பட்டிருக்கிறார்கள். டூக்கோ அவரைப் பிடித்து இழுத்துக்கொண்டு ஓடும் ரயிலிலிருந்து குதிக்கிறான். வாலஸ் சாகிறார், விலங்கு மட்டும் அறுபடவில்லை. எலி வாலக்கின் துறுதுறுப்பெல்லாம் இப்போது ஒரு பிணத்தின் கனத்தில் மாட்டிக்கொண்டு தவிக்கிறது. கடைசியில் பிணத்தைத் தண்டவாளத்துக்கு இழுத்துப்போட்டு, அடுத்த ரயிலின் சக்கரத்தால் சங்கிலியை அறுக்கிறான். அந்த இடத்தில் ஒல்லியான ஓர் ஆளைப் போட்டுப் பாருங்கள், காட்சியே இல்லை. செத்த பிறகும் நடிக்கிற உடம்பு அது.

பதினைந்து ஆண்டுகளுக்கு மேல் இப்படிப் போயிற்று. இன்னொரு இத்தாலிய இயக்குநரான கோர்புச்சியின் ‘தி கிரேட் சைலன்ஸ்’ படத்தில் பனிக்குள்ளும் அதே வேலைதான். அதையெல்லாம் விட்டுவிடுகிறேன், எனக்கு 1980க்கு வர வேண்டும்.

கார்லோ வெர்தோனே என்ற ரோம் நகரத்து இளைஞர் இயக்கிய முதல் படத்துக்கு லியோனி பின்னால் நின்றார். ‘உன் சாக்கோ பெல்லோ’ என்பது படத்தின் பெயர். அதில் ஹிப்பியாகிவிட்ட மகனை வீட்டுக்கு இழுத்து வரும் தகப்பன்தான் ப்ரேகா. மகன் அவரைப் பாசிஸ்ட் என்கிறான். அவர் கொதித்துப்போய் ஒரு கை முஷ்டியை உயர்த்தி “நான் இப்படிக் கம்யூனிஸ்ட் இல்லை” என்கிறார். பிறகு இரண்டு முஷ்டிகளையும் உயர்த்தி “இப்படிக் கம்யூனிஸ்ட்!” என்கிறார். அந்தக் குரலைக் கேளுங்கள். கரகரத்த, தொண்டை அடியிலிருந்து வரும் சுத்தமான ரோம் பேச்சு. லியோனியின் படங்களில் ஒலிக்க இடமில்லாமல் போனது அதுதான்.

மறு ஆண்டு வெர்தோனேயின் அடுத்த படம், ‘பியாங்கோ, ரோஸ்ஸோ எ வெர்தோனே’. வாக்களிப்பதற்காகப் பாட்டியைக் காரில் ரோமுக்கு அழைத்து வருகிறான் பேரன். பாட்டியாக சோரா லெல்லா நடிக்கிறார். வழியில் பாட்டிக்கு ஊசி போட வேண்டியிருக்கிறது, பேரனுக்கோ கை வரவில்லை. ‘இளவரசர்’ என்று பட்டப்பெயர் கொண்ட ஒரு லாரி ஓட்டுநர் போட்டுவிடுகிறார். அது ப்ரேகா. போட்டு முடித்து, தன் கையைக் காட்டிச் சொல்கிறார்: இந்தக் கை இரும்பாகவும் இருக்கும், இறகாகவும் இருக்கும், இன்றைக்கு இறகாக இருந்தது. இத்தாலியில் இன்றும் வாய்க்கு வாய் சொல்லப்படும் வசனம் அது. அந்தக் கை இரும்பாக இருந்த நாட்களை அரங்கில் இருந்தவர்கள் முன்பே பார்த்திருக்கிறார்கள், டூக்கோவின் முகத்தில். அதனால்தான் இறகு என்றதும் சிரிப்போடு ஒரு நெகிழ்ச்சியும் சேர்ந்துகொள்கிறது. நீங்கள் அலட்சியமாகச் சொன்ன அந்த அடியாள் வேடங்கள் எல்லாம் இந்த ஒரு வரிக்குச் சேர்த்துவைத்த மூலதனம்.

லியோனி அவரை மறக்கவில்லை. தன் கடைசிப் படமான ‘ஒன்ஸ் அபான் எ டைம் இன் அமெரிக்கா’விலும் (1984) ஒரு சிறு வேடம் கொடுத்தார். ப்ரேகா 1994இல் ரோமிலேயே காலமானார்.

ஊசி போடும் காட்சியைத் தேடிப் பாருங்கள். முதல் முறை வசன எழுத்துகளை அணைத்துவிட்டுப் பாருங்கள். மொழி புரியாவிட்டால் பரவாயில்லை, அந்தக் குரல் காதில் விழட்டும். பிறகு எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்.