இடுப்பு வலிக்கு எம்54.50 போட்டால் 'பெரிதாக ஒன்றுமில்லை' என்று பொருளா?

நீங்கள் கேட்டது இரண்டு. 'குறிப்பிடப்படாத கீழ் முதுகு வலி' என்ற எம்54.50 குறியீட்டைக் காப்பீட்டுக் கிளெய்மில் போட்டால் நோயாளிக்கு ஒன்றுமில்லை என்றுதானே பொருள்? அதற்குப் பதிலாக டிஸ்க் (முள்ளெலும்புகளுக்கு இடையிலுள்ள தட்டு) விலகல் குறியீடு போட்டால் கிளெய்ம் எளிதாகக் கடந்துவிடாதா? மருத்துவர் குறிப்பைப் படித்து நோய்க்குக் குறியீடு போடும் மெடிக்கல் கோடிங் வேலைக்குப் புதிதாக வந்திருக்கிறீர்கள், குழுத் தலைவர் நெருக்குகிறார் என்று நினைக்கிறேன். இரண்டுக்கும் இல்லை என்பதே என் பதில்.

நான் சரவணம்பட்டியில் ஏழு ஆண்டுகளாக அமெரிக்கப் புறநோயாளிகளின் சார்ட் (சிகிச்சைப் பதிவு) பார்க்கிறேன். 2021 அக்டோபர் 1 முதல் அங்கே எம்54.5 என்ற பழைய குறியீட்டை மூன்றாகப் பிரித்துவிட்டார்கள். காரணம் சொல்லப்படாத வலிக்கு எம்54.50, முள்ளெலும்பிலிருந்தே எழும் வலிக்கு எம்54.51, மற்றவற்றுக்கு எம்54.59. அந்தத் தேதிக்குப் பிந்தைய சிகிச்சைக்குப் பழையதைப் போட்டால் கிளெய்ம் திரும்பிவிடும். உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 என்ற நோய்க் குறியீட்டுப் பட்டியலின் மூலப் பதிப்பில் எம்54.5 அப்படியேதான் இருக்கிறது. பிரித்தது அமெரிக்கப் பதிப்பு.

அந்த அக்டோபரில்தான் எனக்கும் இதே சிக்கல் வந்தது. மருத்துவர் குறிப்பில் 'கீழ் முதுகு வலி. டிஸ்க் விலகலாக இருக்கலாம், எம்ஆர்ஐ எடுத்துப் பார்க்க வேண்டும்' என்று மட்டும் இருந்தது. நான் எம்54.50 போட்டேன். எங்கள் குறியீடுகளைச் சரிபார்க்கும் ஆடிட்டர் அதைப் பிழை என்று குறித்து, டிஸ்க் விலகலுக்கான எம்51.26 போட்டிருக்க வேண்டும் என்று எழுதினார். அந்த ஒரு பிழையால் அந்த மாதம் என் துல்லியம் 95 சதவீதத்துக்குக் கீழே போய், ஊக்கத்தொகையும் நின்றுவிடும் நிலை. அன்றிரவு விடுதியில் உட்கார்ந்து அமெரிக்கக் குறியீட்டு வழிகாட்டு விதிகளை மறுபடி படித்தேன். நான்காம் பிரிவு தெளிவாகச் சொல்கிறது: 'இருக்கலாம்', 'சந்தேகம்' என்று எழுதியதைப் புறநோயாளிக்கு உறுதியான நோயாகப் போடக்கூடாது. உறுதியாகத் தெரிந்த அறிகுறியைத்தான் போட வேண்டும். முதல் பிரிவிலும், அந்தச் சந்திப்பில் எந்த அளவுக்கு உறுதியாகத் தெரிந்ததோ அந்த அளவுக்கே குறியீடு என்று இருக்கிறது. இரண்டையும் எடுத்துக் காட்டி மறுப்பு எழுதினேன். பிழையை நீக்கினார்கள். இன்றும் அதைப் பெருமையாகத்தான் நினைக்கிறேன்.

உள்நோயாளிக்கு விதி வேறு என்று யாராவது சொல்ல வரலாம். தெரியும். மருத்துவமனையில் தங்கிய நோயாளிக்கு, வீடு திரும்பும்போது 'இருக்கலாம்' என்று எழுதியிருந்தாலும் நோய் இருப்பதாகவே போடலாம். நான் அதைப் பேசவில்லை. எல்லாவற்றுக்கும் எம்54.50 போடுங்கள் என்றும் சொல்லவில்லை. வலி காலுக்கு இறங்குகிறது, சியாட்டிகா என்று மருத்துவர் எழுதியிருந்தால் வலப்பக்கத்துக்கு எம்54.41, இடப்பக்கத்துக்கு எம்54.42. பாரம் தூக்கித் தசை பிடித்துக்கொண்டது என்றால் அது எஸ்39.012, முதல் சிகிச்சைக்கு முடிவில் 'ஏ' சேரும். டிஸ்க் விலகல் உறுதியானால் அதை மட்டும் போடுங்கள், எம்54.50ஐக் கூடவே ஒட்டாதீர்கள்.

நான் படித்த பயிற்சி மையத்தில் 'குறிப்பிடப்படாத' என்று வருவதெல்லாம் சோம்பேறியின் குறியீடு என்று சொல்லிக் கொடுத்தார்கள். பெருந்தொகை வாங்கிக்கொண்டு அப்படிக் கற்பித்ததை என்னால் இன்னும் மன்னிக்க முடியவில்லை. கீழ் முதுகு வலியில் பத்தில் ஒன்பது பேருக்குக் குறிப்பான காரணத்தைக் காட்ட முடிவதில்லை என்று உலக சுகாதார நிறுவனமே சொல்கிறது. காரணம் தெரியவில்லை என்பதால் வலி பொய்யாகிவிடுமா?

உங்கள் கேள்வியின் முதல் பாதி என்னைச் சுட்டது இதனால்தான். என் அம்மா திருப்பூரில் பனியன் கம்பெனியில் ஓவர்லாக் டெய்லர். ஒன்றரை ஷிஃப்ட் என்றால் காலை எட்டரை முதல் இரவு எட்டரை வரை, சாய இடமில்லாத ஸ்டூலில். நான் கல்லூரியில் இருந்தபோது ஒருநாள் எழுந்திருக்கவே முடியாமல் போனார். மருத்துவர் சீட்டில் 'எல்பிஏ' என்று மூன்றே எழுத்து எழுதி, ஐந்து நாள் ஓய்வு என்றார். கீழ் முதுகு வலி என்பதன் சுருக்கம் அது. அதைப் பார்த்த கம்பெனி மேலாளர், "டிஸ்க் என்று எழுதி வாங்கி வாருங்கள், வெறும் இடுப்பு வலிக்கெல்லாம் லீவு தர முடியாது" என்று சொல்லிவிட்டார். மருத்துவரிடம் கேட்டோம். இல்லாத நோயை எழுத மாட்டேன் என்றார், அவர் செய்தது சரி. மூன்றாம் நாளே பனியன் வேஸ்ட் துணியை இடுப்பில் இறுக்கிக் கட்டிக்கொண்டு அம்மா பஸ் ஏறினார். பீஸ் ரேட்டில் கூலி, வேறு வழியில்லை. அந்த வாரம் முழுவதும் இரவு சாப்பாட்டை நின்றுகொண்டேதான் சாப்பிட்டார், உட்கார்ந்தால் மறுபடி எழ முடியாது என்று.

சார்ட்டில் டிஸ்க் உறுதி என்று எங்கேயும் இல்லையென்றால் எம்54.50 போட்டு அனுப்புங்கள். குறிப்பு குழப்பமாக இருந்தால் மருத்துவருக்குக் கேள்வி அனுப்புங்கள். குழுத் தலைவர் மாற்றச் சொன்னால் மின்னஞ்சலில் எழுதித் தரக் கேளுங்கள்.