மாகாண சபைக் கதிரையை நம்பி வேலையை விடலாமா?

கேள்வி: யாழ்ப்பாணத்து வலிகாமத்தில் ஒரு பிரதேச செயலகத்தில் அபிவிருத்தி உத்தியோகத்தராக இருக்கிறேன். வயது 31. மாகாண சபைத் தேர்தல் வந்தால் என்னை நிறுத்துவதாக ஒரு கட்சி சொல்கிறது. ஆனால் இப்போதே வேலையை விட்டுவிட்டு முழுநேரமாக இறங்க வேண்டுமாம். விடலாமா? மாகாண சபை உறுப்பினராக இருந்து வாழ்க்கையைக் கொண்டுபோகலாமா?

பதில்: வேலையை விடாதீர்கள், தங்கச்சி. அரசியல் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. உங்களைப் போன்றவர்கள் வரவேண்டும் என்று பிரதேச சபைச் செயலாளராக இருந்த காலம் முழுக்க ஆசைப்பட்டவன் நான். ஆனால் உங்களுக்குக் காட்டப்படுவது இன்னும் செய்யப்படாத கதிரை.

வடக்கு மாகாண சபைக்கு 2013 செப்டெம்பர் 21 அன்று முதல் தேர்தல் நடந்தது. 36 பேர் வாக்கால் தெரிவாக, வென்ற கட்சிக்கு மேலதிகமாகக் கிடைக்கும் 2 போனஸ் ஆசனங்களோடு மொத்தம் 38. அதில் யாழ் மாவட்டத்துக்கு 16. 2018 ஒக்டோபரில் சபையின் காலம் முடிந்தது. அதற்கு முந்திய வருடம் தேர்தல் முறையை மாற்றிச் சட்டம் கொண்டுவந்தார்கள். புதிய முறைக்குத் தேவையான, தொகுதிகளின் எல்லைகளை வகுக்கும் எல்லை நிர்ணய அறிக்கையை 2018 ஓகஸ்டில் நாடாளுமன்றம் தோற்கடித்தது. பழைய முறையும் போய், புதிய முறையும் வராமல், ஒன்பது மாகாணங்களின் தேர்தலும் வருடக்கணக்காக நின்றுபோனது. கைதடியில் வடக்கு மாகாண சபையின் கட்டடம் இருக்கிறது, திணைக்களங்கள் இயங்குகின்றன, நிர்வாகம் ஜனாதிபதி நியமிக்கும் ஆளுநர் கையில்.

சென்னையில் உறவுக்காரர் இருந்தால் "எம்.எல்.ஏ. ஆகப்போகிறாயா?" என்று கேட்பார்கள். இரண்டும் ஒன்றல்ல. இங்கே சபை நிறைவேற்றும் மாகாணச் சட்டமான நியதிச்சட்டத்துக்கு ஆளுநரின் இசைவு வேண்டும். நிதி சம்பந்தப்பட்டதென்றால் அவருடைய சிபாரிசு இல்லாமல் சபைக்குக் கொண்டுவரவே முடியாது. மாகாண சபைகளை உருவாக்கிய 13ஆம் திருத்தம் தந்த காணி, பொலிஸ் அதிகாரங்கள் 1987 முதல் கடதாசியில்தான். அதனால்தான் முதல் சபை நூற்றுக்கணக்கில் தீர்மானங்களை நிறைவேற்றியும், நியதிச்சட்டங்கள் அதைவிட மிகக் குறைவாகவே வந்தன. சபை தன் கையில் இருந்ததையும் முழுதாகப் பயன்படுத்தவில்லை என்பது என் வருத்தம்.

இனி உங்கள் வேலை. அரச ஊழியர்களுக்கான தாபன விதிக்கோவைப்படி, மேல் தரத்தில் உள்ள பதவிநிலை உத்தியோகத்தருக்கு அரசியல் உரிமை இல்லை. அவர் தேர்தல் கேட்பதென்றால் முதலில் பதவியை விடவேண்டும். மற்றத் தரங்களில் உள்ள பெரும்பாலானவர்கள் வேட்புமனுத் தாக்கல் செய்த நாளிலிருந்து தேர்தல் முடியும்வரை சம்பளமற்ற லீவில் நிற்பார்கள். உங்கள் பதவி எந்தப் பக்கம் என்று திணைக்களத் தலைவரிடம் எழுத்தில் கேட்டு, எழுத்தில் பதில் எடுங்கள். கன்ரீனில் யாரும் சொல்வதை நம்பவேண்டாம்.

அந்த லீவிலும் ஒரு ஆபத்து இருக்கிறது. 2023 மார்ச் 9 உள்ளூராட்சித் தேர்தலுக்கு அந்த வருடம் ஜனவரியில் மனுக் கொடுத்த அரச ஊழியர்கள் வீட்டில் இருந்தார்கள். தேர்தல் ஒத்திப்போனது. சம்பளமும் இல்லை, கந்தோருக்குத் திரும்பவும் வழியில்லை. பிறகு அமைச்சரவை தலையிட்டு வேறு இடங்களில் வேலை செய்ய விட்டது. தேர்தலோ புதிய மனுக்களோடு 2025 மே 6 அன்றுதான் நடந்தது. வேட்புமனுத் திகதி வர்த்தமானியில் வருமட்டும் நீங்கள் உத்தியோகத்தராகவே இருங்கள். கையில் ஆறு மாதச் செலவுக்குக் காசு வையுங்கள்.

கச்சேரி என்கிற மாவட்டச் செயலகத்தில் உத்தியோகத்தராக இருந்த அனந்தி சசிதரன் 2013 இல் யாழ் மாவட்டத்தில் 87,870 விருப்பு வாக்குகள் எடுத்தார். முதலமைச்சரான சி.வி.விக்னேஸ்வரனுக்கு அடுத்த இடம். பெண், உத்தியோகத்தர் என்பவை இங்கே தடையல்ல. ஆனால் அந்த வாக்குகளுக்குப் பின்னால் காணாமல் ஆக்கப்பட்டோருக்கான அவருடைய போராட்டம் இருந்தது. உங்கள் பெயரைச் சொன்னால் சனத்துக்கு எது நினைவு வரும்? அதைக் கட்சி தராது.

அதற்கு இடம் பிரதேச சபை. யாழ் மாவட்டத்தில் 17 உள்ளூராட்சி மன்றங்கள் உண்டு. எங்கள் சபையில் முதல் தடவை வந்த ஒரு உறுப்பினர், மாரியில் முழங்காலளவு தண்ணீர் நிற்கும் ஒரு ஒழுங்கைக்கு மதகு கேட்டார். வாய்ப்பேச்சில்லை. கார்த்திகை மழையில் எடுத்த படங்கள், தொழில்நுட்ப உத்தியோகத்தரின் மதிப்பீடு, வீதிப் பதிவேட்டின் பிரதி மூன்றும் கையில். அந்த ஒழுங்கை சபைக்குரியதுதான் என்று நிரூபிக்கப் பதிவேடு. ஏனென்றால் ஏ, பி தர வீதிகள் வீதி அபிவிருத்தி அதிகார சபைக்கு, சி, டி தரம் மாகாணத் திணைக்களத்துக்கு, மிச்சம்தான் எங்களுக்கு. இது தெரியாமல் ஒரு மணித்தியாலம் சண்டை பிடித்தவர்களைக் கண்டிருக்கிறேன். அவருடைய மதகு அடுத்த வரவு செலவுத் திட்டத்திலேயே வந்தது.

இதையே சீவனோபாயமாக நினைக்கவேண்டாம். பிரதேச சபை உறுப்பினரின் கொடுப்பனவு சின்னத் தொகை. செத்தவீடு, கோயில் திருவிழா, விளையாட்டுக் கழகம் என்று அது வந்த வழியே போய்விடும். மாகாண சபையில் கூடுதலாகக் கிடைக்கும், ஆனால் அதுவும் ஐந்து வருடக் கணக்கு.

கேட்பதென்று முடிவெடுத்தால் முதல் நாளே ஒரு சீஆர் கொப்பி வாங்குங்கள். துண்டுப்பிரசுரம், ஒலிபெருக்கி, ஓட்டோ, வெளிநாட்டு மாமா அனுப்பிய காசு எல்லாம் திகதியோடு அதில் ஏறவேண்டும். 2023 ஆம் ஆண்டின் 3 ஆம் இலக்கச் சட்டப்படி, முடிவு வெளியாகி 21 நாளுக்குள் வரவு செலவுக் கணக்கைத் தேர்தல் அலுவலகத்தில் கொடுக்கவேண்டும். தோற்றவரும் கொடுக்கவேண்டும். கொடுக்காதவர்கள் நீதிமன்றம் ஏறியிருக்கிறார்கள்.

இந்த மாதம் உங்கள் பிரதேச சபை கூடும் நாளைக் கேட்டறிந்து, அரைநாள் லீவு போட்டு, பார்வையாளர் வாங்கில் போய் இருங்கள்.